சவுரியப்பனின் இரண்டாவது குழி

குளிப்பாட்டுவதற்குத் தண்ணீர் காய்ந்துகொண்டிருந்த அண்டாவுக்கு அடியில் விறகைத் தள்ளிவிட்டு நிமிர்ந்தபோதுதான் அந்தச் சத்தம் இசபெல்லாவின் காதில் விழுந்தது. ணங். கொஞ்சம் இடைவெளி. மறுபடியும் ணங். மாதா கோயிலுக்குப் பின்னால், கல்லறைத் தோட்டத்துப் பக்கமிருந்து கடப்பாரைச் சத்தம்.

"குழி எங்க சித்தப்பா வெட்டறாங்க?" என்று கேட்டாள்.

அல்போன்ஸ் வாசலில் குந்தி, சவப்பெட்டிக்குப் பலகை அளந்துகொண்டிருந்தார். செத்துப்போன சவுரியப்பனுக்கு உடன்பிறந்த தம்பி. தலையைத் தூக்காமலே பதில் சொன்னார்.

"புதுசா எங்க வெட்டறது? எங்க தொட்டாலும் சுக்காம்பாறை. அண்ணனோட பழைய குழியவே தொறக்கச் சொல்லிட்டேன். சிலுவை இருக்குது, பேரு இருக்குது. தேதிய மட்டும் அழிச்சு எழுதுனாப் போதும்."

பெஞ்சியில் உட்கார்ந்திருந்த இரண்டு பேர் சிரிப்பை அடக்க முடியாமல் தரையைப் பார்த்தார்கள். சாவு வீட்டில் வேறு எதற்கும் சிரிக்க மாட்டார்கள். ஆனால் சவுரியப்பனின் முதல் சாவு சவேரியார் கொட்டாய் ஊருக்கே பழைய வேடிக்கை. அதற்கு மட்டும் எந்த நேரத்திலும் சிரிக்கலாம்.

இசபெல்லா சிரிக்கவில்லை. முந்தானை மடிப்பில் முடிந்து வைத்திருந்த பித்தளை வில்லை இடுப்பில் குத்தியது. கையிலிருந்த விறகைக் கீழே போட்டாள். செருப்புக்கூடப் போடாமல் ஓடினாள்.

பெற்ற அப்பன் உள்ளே கட்டிலில் கிடக்க, மகள் தெருவில் ஓடுவதை ஊர் பார்த்தது. பள்ளிக்கூடத்து டீச்சர் ஓடி அதுவரை யாரும் பார்த்ததில்லை. யாரோ என்னம்மா என்று கேட்டார்கள். அவள் நிற்கவில்லை. அவள் போய்ச் சேருவதற்குள் கடப்பாரை எவ்வளவு ஆழம் இறங்கியிருக்கும் என்பது ஒன்றுதான் அவள் கணக்கு.

அந்தக் குழிக்குள் யார் இருக்கிறார் என்பது இந்த உலகத்தில் அவள் ஒருத்திக்குத்தான் தெரியும் என்று அப்போது அவள் நினைத்துக்கொண்டிருந்தாள்.

சவுரியப்பன் முதல் தடவை செத்தது நாற்பத்தொன்பதாம் வருஷம். கல்யாணமான ஆறாம் மாசம் மைசூர் ராஜ்யத்துச் சுரங்கம் ஒன்றுக்கு வேலைக்குப் போனவர். இசபெல்லா பிறந்து ஒரு மாசம்கூட ஆகவில்லை, ஆணி அடித்த பெட்டி ஒன்று லாரியில் வந்து இறங்கியது. பூமிக்கடியில் பாறை சரிந்துவிட்டது, முகத்தைப் பார்க்க வேண்டாம், சுரங்கத்தில் ஆளுக்கு ஒன்றாகக் கொடுக்கும் பித்தளை வில்லை கழுத்தில் இருந்தது, அதன் நம்பரை வைத்துத்தான் ஆளை அடையாளம் கண்டோம் என்று கூட வந்தவர் சொன்னார். கோயில் மணி அடித்தது. சாமியார் குழியை மந்திரித்தார். இசபெல்லாவின் அம்மா மிக்கேலம்மாள் கைக்குழந்தையோடு தாலியைக் கழற்றினாள்.

இசபெல்லாவுக்கு அப்பா என்றால் அந்தக் குழிதான். பேச்சு வந்த நாளிலிருந்து ஞாயிறு பூசை முடிந்ததும் அம்மா அவளை அங்கே கூட்டிப்போவாள். கணக்கில் வாங்கிய மார்க்கு, பல் விழுந்தது, மாரண்டஹள்ளிச் சந்தையில் தொலைந்து போய்க் கிடைத்தது, எல்லாவற்றையும் சிலுவைக்குப் பக்கத்தில் குந்திச் சொல்லுவாள். சொல்லிவிட்டு மண்ணில் காதை வைத்துக் கேட்பாள். உள்ளே யாரோ கவனித்துக் கேட்பது போலவே இருக்கும். மற்றப் பிள்ளைகளுக்கு அப்பன்மார் காட்டிலும் கடையிலும் இருந்தார்கள். அவளுக்குக் கோயிலுக்குப் பின்னால், இரண்டாவது வரிசையில், வேப்பமரத்தாண்டை இருந்தார். அவ்வளவுதான் வித்தியாசம் என்று நினைத்தாள்.

அறுபத்தொன்றில், அவளுக்குப் பன்னிரண்டு வயசில், ஒரு மத்தியானம் ஓசூர் பஸ்ஸிலிருந்து இறங்கி, இருமிக்கொண்டே ஒரு மனுஷன் வாசலுக்கு வந்தார். சவுரியப்பன்.

ஊர் கூடியது. தொட்டுப் பார்த்தார்கள். அவர் சொன்ன கதை சின்னது. சுரங்கத்தை விட்டுக் குடகுக் காப்பித் தோட்டத்துக்குப் போய்விட்டேன், என் வில்லையை எவனோ மாட்டிக்கொண்டு இறங்கியிருக்கிறான், எனக்கு ஒன்றும் தெரியாது. அதற்கு மேல் அவரிடமிருந்து ஒரு வார்த்தை பெயரவில்லை. மிக்கேலம்மாள் அவரை நிறைய நேரம் பார்த்தாள். பிறகு உள்ளே போய் டிரங்குப் பெட்டியைத் திறந்து, சிலுவைத் தாலியை எடுத்துத் தன் கையாலேயே கழுத்தில் போட்டுக்கொண்டு சோறு போட்டாள். ஒரு கேள்வி கேட்கவில்லை.

இசபெல்லாதான் கேட்டாள். அவரிடம் அல்ல. அன்று சாயங்காலம் வேப்பமரத்தாண்டைக்கு ஓடிப்போய், மண்ணைப் பார்த்து, "அப்ப நீ யாரு?" என்று கேட்டாள்.

அன்றைக்குத்தான் முதன்முதலாக அந்த மண் அவளைப் பயமுறுத்தியது. பன்னிரண்டு வருஷம் தன் ரகசியமெல்லாம் கேட்டவர் முன்பின் தெரியாத ஆள். வீட்டுக்குள் இருமுகிறவரோ அவளுடைய ரகசியம் ஒன்றுகூடத் தெரியாத அப்பா. இரண்டுக்கும் நடுவில் அவள் யாருடைய மகள் என்று யாரிடம் கேட்பது? அவரை அவள் அப்பா என்று கூப்பிடவில்லை. கூப்பிட வேண்டிய இடத்தில் "ஏங்க" என்றாள். அடுத்த பன்னிரண்டு வருஷமும் அப்படியே ஓட்டிவிட்டாள். அவரும் அதைத் திருத்தவில்லை.

பழைய சிலுவையைப் பிடுங்கிவிடலாம் என்று ஊர் சொன்னபோது அவர்தான் வேண்டாம் என்றார். வருஷா வருஷம் கல்லறைத் திருநாளுக்கு முதல் நாள், சுண்ணாம்பும் தாரும் எடுத்துக்கொண்டு போய்ச் சிலுவைக்கு வெள்ளையடித்து, தன் பெயரையும் தான் செத்த தேதியையும் தாரால் தானே எழுதுவார். உயிரோடு இருக்கிற மனுஷன் தன் குழிமேல் குனிந்து தன் பெயரை எழுதுவதைப் பார்த்து ஊர்ப் பிள்ளைகள் ஓடும். இசபெல்லா தள்ளி நின்று பார்ப்பாள். எழுதி முடித்ததும் அவர் உதடு அசையும். ஏதோ செபம் என்று நினைத்துக்கொள்வாள்.

அது செபம் இல்லை, ஒரு பெயர் என்பது நேற்றுத்தான் தெரிந்தது.

நேற்றுப் பிற்பகல் சாமியார் வந்து, சாகக் கிடப்பவர்களுக்கான அவஸ்தை எண்ணெயைப் பூசிவிட்டுப் போன பிறகு, அம்மா மாட்டுக்குத் தண்ணீர் காட்டப் போன நேரம். அவர் கையை அசைத்துக் கூப்பிட்டார். சுரங்கத் தூசி தின்ற நெஞ்சு. நாலு வார்த்தைக்கு ஒரு தரம் மூச்சுக்குக் காத்திருக்க வேண்டும்.

"எனக்குப் புதுக் குழி வெட்டச் சொல்லு" என்றார். "அதத் தொறக்க வுடாத."

ஏன் என்று அவள் கேட்கவில்லை. பன்னிரண்டு வயசில் மண்ணிடம் கேட்டதற்குப் பதில் வரப்போகிறது என்று உடம்புக்குத் தெரிந்துவிட்டது.

"அவன் பேரு தீர்த்தகிரி. பாப்பாரப்பட்டி. சந்தைக்குப் பின்னால தெரு. சுரங்கத்துல எனக்குப் பக்கத்துப் பாய்ல படுத்தவன்." மூச்சு. "நீ பொறந்த சேதி கடுதாசியில வந்துச்சு. மாதா கோயிலுக்குப் போயி மெழுகுத்திரி ஏத்தணும்னு இருந்துச்சு. என் ஷிப்டுல நான் எறங்கறேன், நீ போயிட்டு வான்னான். வில்லைய மாத்திக்கிட்டோம்."

தலையணை உறைக்குள் கைவிட்டு அந்தப் பித்தளை வில்லையை எடுத்து அவள் உள்ளங்கையில் வைத்தார். 386. தேய்ந்து தேய்ந்து நம்பர் மங்கியிருந்தது. தீர்த்தகிரியின் நம்பர். சவுரியப்பனின் நம்பரை மாட்டிக்கொண்டு தீர்த்தகிரி இறங்கினான். மேலே வரவில்லை.

வில்லை மாற்றுவது குற்றம், போலீசு என்று பயந்து இரண்டு நாள் ஒளிந்திருந்ததையும், வேலைக்கு வராத தீர்த்தகிரி வேலையை விட்டு ஓடிப்போனவன் என்று அங்கே எழுதிக்கொண்டதையும் விட்டு விட்டுச் சொன்னார். மூன்றாம் நாள் எப்படியும் வீட்டுக்கு வந்து உண்மையைச் சொல்லிவிடுவது என்று ஊருக்கே வந்திருக்கிறார்.

"ஏரிக்கரைக்கு வந்துட்டேன். கோயில் மணி அடிச்சுது. சாவு மணி. மாடு ஓட்டிட்டு வந்தவன் ஒருத்தன், வெளியூரு ஆளு, அவன யாருக்குன்னு கேட்டேன்." அவர் அவள் முகத்தைப் பார்க்கவில்லை. கூரையைப் பார்த்தார். "சவுரியப்பனுக்குன்னான். அதுக்கப்புறம் காலு வூட்டுப் பக்கம் வரல."

அப்படியே திரும்பிப் போனவர்தான். பன்னிரண்டு வருஷம். பாப்பாரப்பட்டிக்கு நாலு தடவை போனதாகவும், நாலு தடவையும் தெரு முக்கிலிருந்து திரும்பிவிட்டதாகவும் சொன்னார். கடைசியாக அவள் மணிக்கட்டைப் பிடித்தார்.

"ஒருக்கா எனக்காக எடத்த மாத்திக்கிட்டான். மறுக்கா மாத்த வைக்காத."

விடிகாலையில் போய்விட்டார்.

கல்லறைத் தோட்டத்தின் முள்வேலிக் கதவைத் தள்ளிக்கொண்டு இசபெல்லா உள்ளே போனபோது முனிராஜ் முழங்கால் ஆழத்துக்கு இறங்கியிருந்தான். ஊருக்குக் குழி வெட்டுகிறவன். வெட்டி எடுத்த மண் ஒரு பக்கம் குவிந்திருந்தது. சிலுவை பிடுங்கி வேப்பமரத்தில் சாத்தப்பட்டிருந்தது. மரத்தடியில் ஒரு புதுச் சாக்குப் பை மடித்து வைத்திருந்தது. அது எதற்கென்று அவளுக்குத் தெரியும். பழைய குழியைத் திறந்தால் உள்ளே கிடக்கிற எலும்பைப் பொறுக்கிப் பையில் கட்டி, புதிதாக வருகிறவரின் கால்மாட்டில் வைத்து மூடுவது அங்கே வழக்கம். அப்பன் மேல் மகன், மாமியார் மேல் மருமகள், ஒரே குடும்பம் என்பதால் யாரும் தப்பாக நினைப்பதில்லை.

"வெட்டாத முனிராஜ்."

"டீச்சரம்மா, இங்கெல்லாம் நீங்க வரக் கூடாதுங்க" என்றான் அவன், கடப்பாரையைத் தூக்கிய கையோடு.

அவள் குழிக்குள் இறங்கி, அவன் அடுத்ததாகக் குத்த வேண்டிய இடத்தில் உட்கார்ந்தாள்.

சின்ன வயசில் உட்கார்ந்த அதே இடம். இரண்டடி கீழே இறங்கியிருந்தது, அவ்வளவுதான். ஈரமண் வாசனை மூக்கில் ஏறியது. அடியில் அவர் இருக்கிறார், இன்னும் ஒரு முழமோ இரண்டு முழமோ. தன் கணக்கு மார்க்கெல்லாம் தெரிந்தவர்.

முனிராஜ் கடப்பாரையை ஊன்றிவிட்டுச் சித்தப்பாவைக் கூட்டிவர ஆள் அனுப்பினான். அல்போன்ஸ் வேட்டியை மடித்துக்கட்டிக்கொண்டு வந்தார். கூடவே கோயில் உபதேசியார் இன்னாசியும் நாலைந்து ஆண்களும் வந்தார்கள். சித்தப்பா முதலில் தன்மையாகப் பேசினார். நாலு மணிக்குச் சாமியார் வருகிறார், அதற்குள் பாறையில் புதுக்குழி ஆகாது என்றார். பிறகு குரல் ஏறியது.

"எதுக்கு வேணாங்கற? காரணத்தச் சொல்லு."

இசபெல்லா மண்ணில் இரண்டு கையையும் ஊன்றிக்கொண்டாள்.

சொன்னால் என்ன நடக்கும் என்று அவளுக்குத் தெரியும். ஞானஸ்நானம் வாங்காத ஒரு மனுஷன் இருபத்துநாலு வருஷமாக மந்திரித்த மண்ணில் கிடக்கிறான் என்று தெரிந்தால் இன்றைக்கே, இப்போதே, இதே சாக்குப் பையில் அள்ளி வேலிக்கு வெளியே வைப்பார்கள். வீட்டில் கட்டிலில் கிடக்கிறவரைப் பொய்யன் என்பார்கள். பெட்டி தூக்க ஆள் வராது. சொல்லாவிட்டால் முனிராஜ் இன்னும் ஒரு மணி நேரத்தில் எலும்பைத் தொட்டுவிடுவான்.

"அவரு சொன்னாரு" என்றாள்.

"எப்ப?"

"நேத்து."

"எங்கிட்டச் சொல்லலியே. அண்ணிகிட்டச் சொன்னாரா?" என்று சித்தப்பா மற்றவர்களைப் பார்த்தார். "ஆயுசுல அப்பான்னு வாயத் தொறந்து ஒரு வார்த்த கூப்பிட்டது கெடையாது. இப்ப வந்து குழியில குந்திக்கிட்டு அவரு சொன்னாருங்குது."

அது போய்த் தைக்க வேண்டிய இடத்தில் தைத்தது. அவள் தலையைக் குனிந்துகொண்டாள். ஆனால் எழுந்திருக்கவில்லை. உபதேசியார் சித்தப்பாவின் காதில் ஏதோ சொன்னார். இரண்டு பேர் அவளைக் கைபிடித்துத் தூக்கலாமா என்று யோசிப்பது தெரிந்தது. பொம்பளையைத் தொட்டுத் தூக்க யாரும் முன்னால் வரவில்லை. முனிராஜ் பீடி பற்றவைத்துக்கொண்டு, முடிவு வரட்டும் என்று மரத்தடிக்குப் போனான்.

அப்போது வேலிக் கதவு கிறீச்சிட்டது.

மிக்கேலம்மாள் வந்துகொண்டிருந்தாள். பிணத்தை விட்டுப் பெண்டாட்டி வாசல் தாண்டுவது அந்த ஊரில் நடக்காத காரியம். ஆண்கள் தாமாகவே விலகி வழி விட்டார்கள். கழுத்தில் தாலி இன்னும் இருந்தது. அவள் அவசரப்படவில்லை. குழியின் விளிம்புக்கு வந்து நின்று உள்ளே பார்த்தாள். மகளை அல்ல. தலைமாட்டையும் அல்ல. கால்மாட்டுப் பக்கத்தையே பார்த்தாள்.

"அண்ணி, நீங்களாவது சொல்லுங்க" என்றார் அல்போன்ஸ்.

"மூடச் சொல்லு."

"அண்ணி..."

"இதுல படுத்திருக்கறவருக்கு நான் பன்னெண்டு வருஷம் அழுதிருக்கேன். இவளும் அழுதிருக்கா. யாரா இருந்தா என்ன? அவரக் கெளப்ப வேணாம்." குரல் ஏறவும் இல்லை, உடையவும் இல்லை. "பக்கத்துல வெட்டுங்க. சாமியாரு நாலு மணிக்கு வந்தா அஞ்சு மணி வரைக்கும் இருக்கட்டும். நான் ரெண்டாந்தரம் தாலி அறுக்கறவ. ஒரு மணி நேரம் காத்திருக்க மாட்டாரா?"

அல்போன்ஸ் மடித்துக்கட்டிய வேட்டியை இறக்கிவிட்டார். முனிராஜ் பாதிப் பீடியைக் காதில் செருகிக்கொண்டு, குவித்த மண்ணை உள்ளே தள்ளத் தொடங்கினான். இரண்டு இளவட்டங்கள் வேறு கடப்பாரை கொண்டுவர ஓடினார்கள்.

தாயும் மகளும் கோயில் மதிலோரமாகத் திரும்பினார்கள். இசபெல்லாவின் புடவை முழுக்க மண். அம்மா நின்று, குனிந்து, அதைத் தட்டிவிட்டாள். குனிந்தபடியே சொன்னாள்.

"அன்னிக்குப் பெட்டியத் தொறந்து பாத்தவ நானு."

அம்மா அடுத்த மடிப்பைத் தட்டினாள்.

"மொகத்தப் பாக்க வேணாம்னாங்க. சரி, காலக் காட்டுங்கன்னேன். உங்க சித்தப்பன்தான் கால்மாட்டுப் பலகையில ரெண்டு ஆணி புடுங்குனான். வாடைக்கு எல்லாரும் தள்ளிப் போயிட்டாங்க. நான் மட்டும் பாத்தேன்." அம்மா நிமிர்ந்தாள். "எடது கால்ல ஆறு வெரலு."

மதிலுக்கு அந்தப் பக்கம் கடப்பாரை பாறையில் பட்டது. ணங்.

"அவரில்லன்னு தெரிஞ்சுதா அப்பவே?"

"தெரிஞ்சுது."

"பின்ன ஏம்மா ஆமான்னு சொன்ன?"

மிக்கேலம்மாள் மதிலில் ஊர்ந்த எறும்பு வரிசையைப் பார்த்தபடி சொன்னாள். "ரெண்டு மாசமாப் பணமும் இல்ல, தபாலும் இல்ல. அங்க எவளையோ வெச்சுக்கிட்டாருன்னு கெணத்தடியில பேச்சு. நான் இல்லன்னு சொல்லியிருந்தா அவரு ஓடிப்போனவரு. நீ ஓடிப்போனவன் பொண்ணு. ஆமான்னு சொன்னேன். செத்தவரு ஆயிட்டாரு. உன்னயக் கூட்டிட்டுப் போயி, இங்கதாண்டி உங்கப்பான்னு காட்ட ஒரு எடம் கெடச்சுது."

இசபெல்லாவுக்குக் காதுக்குள் மணி அடித்தது. வேறு மணி இல்லை. ஏரிக்கரையில் நின்ற ஒருவர் கேட்ட அதே மணி. அம்மா ஆமாம் என்று சொன்னதால் அடித்த மணி. அம்மா இல்லை என்று சொல்லியிருந்தால் அவர் அன்றைக்கே படியேறி வந்திருப்பார். ஒரு மாசத்துக் குழந்தையைக் கையில் வாங்கியிருப்பார். அந்தக் குழந்தைக்கு அப்பா என்கிற சொல் நாக்கில் வந்திருக்கும்.

சொல்லலாமா? சொற்கள் பல்லுக்குப் பின்னால் வரிசையாக வந்து நின்றன. அம்மாவின் கழுத்தில் வியர்வையில் ஒட்டிக்கிடந்த தாலியைப் பார்த்தாள். விழுங்கிவிட்டாள்.

"அவருகிட்ட நீ கேக்கலியா? திரும்பி வந்தப்ப?"

"அவரு சொல்லல. நானும் கேக்கல. கேட்டா நான் பாத்ததச் சொல்லணுமில்ல?" அம்மா நடக்கத் தொடங்கினாள். பத்தடி போனதும் மறுபடி நின்றாள். "உங்கிட்டப் பேரு சொன்னாரா?"

"தீர்த்தகிரி."

மிக்கேலம்மாளின் உதடு ஒருதரம் அசைந்தது. சிலுவையில் தார் பூசிவிட்டு அவர் அசைப்பாரே, அதே மாதிரி.

புதுக்குழி முடிய ஐந்தரை ஆகிவிட்டது. சாமியார் காத்திருந்தார். பெட்டியை மூடப்போகும் நேரத்தில் மிக்கேலம்மாள் எழுந்து டிரங்குப் பெட்டியிடம் போனாள். அடியில் கைவிட்டு ஒரு துணி முடிச்சை எடுத்து வந்து அவிழ்த்தாள். இன்னொரு பித்தளை வில்லை. 412, சவுரியப்பனின் நம்பர். அந்தப் பெட்டியோடு வந்தது, இருபத்துநாலு வருஷமாக உள்ளே கிடந்தது. அதைக் கணவனின் சட்டைப் பையில் போட்டுப் பையைத் தட்டிவிட்டாள். பிள்ளை பள்ளிக்கூடம் போகும்போது தட்டிவிடுகிற மாதிரி. அல்போன்ஸ் அது என்னவென்று கேட்கவில்லை. ஆணியை வாயில் கவ்விக்கொண்டு நின்றார்.

மண் போடும்போது இசபெல்லா மூன்று பிடி புதுக் குழியில் போட்டாள். நாலாவது பிடியைப் பக்கத்துக் குழிமேல் போட்டாள். கவனித்தவன் முனிராஜ் ஒருவன்தான்.

மூன்றாம் நாள் காலைப் பூசை முடிந்ததும் அவள் மாரண்டஹள்ளிக்கு நடந்தாள். பாலக்கோட்டில் பஸ் மாறினாள். எங்கே போகிறாய் என்று அம்மா கேட்கவில்லை. போகும்போது கையில் நாலு வாழைப்பழமும் ஒரு வெற்றிலைக் கட்டும் கொடுத்தாள், வெறுங்கையோடு யார் வீட்டுக்கும் போகாதே என்றாள்.

பாப்பாரப்பட்டியில் இறங்கியபோது வெயில் ஏறியிருந்தது. சந்தை நாள் இல்லை. கொட்டகைகளுக்கு அடியில் ஆடுகள் படுத்திருந்தன. பின்னால் இருக்கும் தெருவைக் கண்டுபிடிப்பது சுலபமாக இருந்தது. முக்கில் ஒரு சைக்கிள் கடை. அங்கே வந்ததும் அவள் கால் தானாக நின்றது. இந்த இடத்தில்தான். நாலு தடவை. கடையில் காற்றடித்துக்கொண்டிருந்தவன் நிமிர்ந்து பார்த்தான். இங்கே வந்து இப்படி நிற்கிறவர்களை முன்பும் பார்த்திருக்கிற மாதிரி அவன் பார்வை இருந்தது. அது அவளுடைய பிரமையாகவும் இருக்கலாம்.

"தீர்த்தகிரி வூடு எதுங்க?"

"எந்தத் தீர்த்தகிரி?"

"சுரங்க வேலைக்குப் போனவரு. ரொம்ப நாளைக்கு முன்னால."

"ஓ, ஓடிப்போனவரா?" என்றான் அவன் சாதாரணமாக. "அவரு இல்லீங்களே. நஞ்சம்மாளும் மவனும்தான். அந்தா, பூசணிக் கொடி ஏறியிருக்குது பாருங்க, அதுதான்."

ஓடிப்போனவர். அவள் சுமக்க வேண்டியிருந்த பெயரை இந்தத் தெருவில் யாரோ இருபத்துநாலு வருஷமாகச் சுமந்திருக்கிறார்கள். அவளுக்கு ஒரு குழி கிடைத்தது. இங்கே அதுவும் இல்லை. வெற்றிலைக் கட்டு கையில் நசுங்கியது. வில்லை முந்தானையில் கனத்தது. திரும்பி நடந்தால் பதினொரு மணி பஸ்ஸைப் பிடித்துவிடலாம்.

நடந்தாள். பூசணிக் கொடிப் பக்கமாக.

வாசலில் அவள் வயசையொத்த ஒருவன் கயிற்றுக் கட்டிலுக்குக் கயிறு இறுக்கிக்கொண்டிருந்தான். அவளைப் பார்த்ததும் எழுந்து, துண்டால் மேலைத் துடைத்துக்கொண்டான்.

"யாருங்க வேணும்?"

"நஞ்சம்மாவப் பாக்கணும்."

"எங்க ஆத்தாதான். உள்ள இருக்குது, வாங்க." தலையை உள்ளே நீட்டிக் குரல் கொடுத்தான். "ஆத்தா, யாரோ வந்திருக்காங்க. வெளியூரு."

"யாரு வூட்டுப் பொண்ணுன்னு கேளுடா தர்மா" என்றது உள்ளேயிருந்து ஒரு குரல்.

அவன் கேட்கிற முகத்தோடு அவளைப் பார்த்தான். அவள் செருப்பைக் கழற்றுவதற்காகக் குனிந்தாள்.

நிலைப்படிக்குப் பக்கத்தில் அவனுடைய தோல் செருப்பு கிடந்தது. நன்றாகத் தேய்ந்த செருப்பு. இடது காலுக்கானதில் மட்டும், சுண்டுவிரல் பக்கம், வாரைக் கத்தியால் அறுத்து இடம் விட்டிருந்தது.

இசபெல்லா தன் செருப்பைக் கழற்றி அதற்குப் பக்கத்தில், நேராக, சேர்த்து வைத்தாள்.